சுவர் ஏறிக் குதித்தவர்கள்

கலீபா உமர் (ரழி) அவர்களைப் பற்றி இமாம் கஸ்ஸாலி தமது இஹ்யாவில் எடுத்துக்கூறும் ஒரு சம்பவம் உண்டு. மக்களின் நிலையறிய இரவில் வலம்வந்த கலீபா, ஒரு வீட்டினுள்ளிருந்து வந்த ஓசையைக் கேட்டுச் சுவரேறி உள்ளே குதிக்கிறார். அங்கே ஒரு மனிதன், அருகில் ஒரு பெண், மதுவும் இருக்கிறது. கலீபா கடிந்துகொள்கிறார். அந்த மனிதனோ, தான் அல்லாஹ்வுக்கு மாறு செய்தது ஒரு விடயத்தில் என்றும் கலீபா மாறு செய்தது மூன்று விடயங்களில் என்றும் பதில் சொல்கிறான். துருவி ஆராயக் கூடாது என்றிருக்க ஆராய்ந்தீர்கள். வாசல் வழியே வர வேண்டும் என்றிருக்கச் சுவரேறி வந்தீர்கள். அனுமதி கேட்டு ஸலாம் சொல்ல வேண்டும் என்றிருக்க அதையும் செய்யவில்லை. உமர் (ரழி) அவர்களிடம் மறுமொழி இல்லை. அவனை மன்னித்துவிட்டு வெளியேறுகிறார்.

இந்தச் சம்பவத்தைச் சிறுவயதில் நான் ஹட்டனில் பயானில் பலமுறை கேட்டிருக்கிறேன். ஒவ்வொரு முறையும் அது கலீபாவின் பணிவைச் சொல்லும் கதையாகவே சொல்லப்பட்டது. ஒரு பாவத்தைப் பிடிக்கப் போனவர் மூன்று பாவங்களோடு நின்றார் என்ற கணக்கை எவரும் எடுத்து விளக்கியதாக நினைவில்லை. அந்தக் கணக்கு எனக்குப் புரிய வெகுகாலமாயிற்று. புரிந்தபோது நானும் ஒரு சுவரை ஏறிக் குதித்து முடித்திருந்தேன்.

1996 ஆம் ஆண்டு. எங்கள் சாச்சாவுக்கு ஹட்டன் பஸாரில் புடைவைக் கடை இருந்தது. நான் அங்கே கணக்கு எழுதிக்கொண்டிருந்தேன். சாச்சாவின் மகன், என் தம்பி முறை, அப்போது பத்தொன்பது வயது. பன்னிரண்டு வயதில் மத்ரஸாவில் சேர்ந்து குர்ஆனை முழுமையாக மனனம் செய்து திரும்பியவன். பதினேழு வயதில் நோன்பு மாதத்தில் தராவீஹ் தொழுவித்தான். அவனுடைய ஓதலைக் கேட்கவென்றே நோர்வூட்டிலிருந்தும் கொட்டகலையிலிருந்தும் ஆட்கள் வருவார்கள். சாச்சா முதல் ஸஃப்பில் நின்று அழுவார்.

ஒருநாள் சீத்தைக் கட்டுகளை அடுக்கும்போது இடையில் ஒரு கடிதம் அகப்பட்டது. என் பெயருக்கு வந்ததல்ல. பிரித்துப் படித்தேன். டிக்கோயாப் பக்கத்துத் தோட்டமொன்றில் வளர்ந்த பையன் ஒருவனுக்குத் தம்பி எழுதியது. அதில் அசிங்கமாக ஒரு சொல்லும் இல்லை. ஒருவன் ஒருத்திக்கு எழுதியிருந்தால் நாம் சிரித்துவிட்டு மடித்து வைத்திருப்போம். இவன் இன்னொரு ஆண்பிள்ளைக்கு எழுதியிருந்தான். அதே நாள் அஸருக்குப் பிறகு அந்தக் கடிதத்தை நான் சாச்சாவின் கையில் கொடுத்தேன். நன்மையை ஏவித் தீமையைத் தடுக்கிறேன் என்று மெய்யாகவே நம்பினேன். இதை எழுதும்போது எனக்குக் கூசுவது அந்த நம்பிக்கைதான்.

அதன் பிறகு நடந்தவற்றைச் சுருக்கமாகவே சொல்கிறேன். தம்பிக்கு அடி விழுந்தது. ஓதிய தண்ணீர் குடிக்கக் கொடுத்தார்கள். ஜின்னின் வேலை என்று ஒருவர் வந்து மூன்று இரவுகள் ஓதினார். பிறகு பெண் பார்க்கத் தொடங்கினார்கள். அந்தத் தோட்டத்துப் பையனின் குடும்பம் எங்கள் கடையில் கடனுக்குத் துணி எடுக்கும் குடும்பம். தீபாவளி முற்பணம் கிடைத்ததும் கொடுப்பார்கள். பல வருடப் பழக்கம். சாச்சா கடன் கொப்பியை மூடினார். பழைய பாக்கி முழுவதையும் ஒரே வாரத்தில் கேட்டார். பையனைக் கொழும்பில் ஏதோ கடை வேலைக்கு அனுப்பிவிட்டதாகக் கேள்விப்பட்டேன். அவன் என்னவானான் என்று நான் விசாரிக்கவேயில்லை. பெண் பார்த்து நாள் குறிப்பதற்கு முந்திய வாரம் தம்பி விடியற்காலை பஸ்ஸேறிப் போனவன்தான். கொழும்பு, பிறகு மத்திய கிழக்கு, பிறகு கனடா. இருபத்து மூன்று வருடங்கள் ஒரு செய்தியும் இல்லை.

மலையக ஊர்களைத் தெரிந்தவர்களுக்கு இதில் வியப்பு இராது. லயத்தில் பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பராவில் ஒருவர் இருமினால் அடுத்த காம்பராவில் கேட்கும். பஸாரும் அப்படித்தான். யார் எந்த பஸ்ஸில் இறங்கினார், எந்தத் தேநீர்க்கடையில் யாரோடு உட்கார்ந்தார் என்பது இஷாவுக்கு முன் எல்லோருக்கும் தெரிந்திருக்கும். தோட்டத்து மக்களை எண்ணிக் கணக்கெடுத்துக் கண்காணித்தே வளர்ந்த தொழில் இது. கங்காணி என்ற சொல்லிலேயே கண் இருக்கிறது. அந்தக் கண் நகரத்துக்கும் வந்து, கடை முதலாளிக்கும் பள்ளிவாசல் முற்றத்துக்கும் பழகிப்போயிற்று. நாம் அதைச் சமூகக் கட்டுக்கோப்பு என்று அழைக்கிறோம். அந்தக் கண்ணின் கீழ் தன் உள்ளத்தை மறைத்து வளரும் ஒரு பிள்ளைக்கு அது என்னவாக இருக்கும் என்று கேட்டுப் பார்த்ததில்லை.

வாசகர்கள் இப்போது என்னிடம் கேட்கக்கூடிய கேள்வியை நான் அறிவேன். மார்க்கத்தில் இதற்கு என்ன தீர்ப்பு என்பதை மாற்றச் சொல்கிறாயா? நான் ஆலிம் அல்லன். ஃபத்வாக் கொடுக்க வரவில்லை. லூத் (அலை) அவர்களின் சமூகத்தார் பற்றிய வசனங்களை வன்முறை, விருந்தினருக்குச் செய்த அநீதி ஆகியவற்றின் மீதான கண்டனமாக வாசிக்க வேண்டும் என்று ஸ்கொட் சிராஜுல் ஹக் கூகிள் போன்றோர் வாதிடுகிறார்கள். அவருடைய நூல் 2010 இல் வெளிவந்தது. பெரும்பாலான உலமாக்கள் அந்த வாசிப்பை ஏற்பதில்லை. அந்த விவாதம் அதற்குரிய கல்வியுள்ளவர்களிடையே நடக்கட்டும். நான் கேட்பது அதைவிடச் சிறிய கேள்வி. மார்க்கத் தீர்ப்பு நீங்கள் சொல்வதுதான் என்றே வைத்துக்கொள்வோம். அப்போதும் நாங்கள் செய்தவற்றில் எது ஹலால்?

பிறருடைய அந்தரங்கத்தைத் துருவுவதை ஹுஜுராத் சூரா தடுக்கிறது. நான் கடிதத்தைப் பிரித்தேன். கோள் சொல்வதன் தீமையை ஹதீஸ்கள் எச்சரிக்கின்றன. நான் அதைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். பலவீனமானவனுக்கு அநீதி இழைப்பது முஸ்லிமுக்குச் செய்தாலும் முஸ்லிம் அல்லாதவருக்குச் செய்தாலும் அநீதிதான். நாங்கள் ஒரு தொழிலாளியின் குடும்பத்தைக் கடனால் நெரித்தோம். இவற்றில் எந்த ஒன்றைப் பற்றியும் உலமாக்களிடையே கருத்து வேறுபாடு இல்லை. ஒருவனுடைய ஒரு பாவத்தைத் தடுப்பதாக எண்ணி நாங்கள் செய்த பாவங்களை எண்ணினால் உமர் (ரழி) அவர்களின் மூன்றைத் தாண்டிப் போகிறது. அவர் அன்றிரவே வெளியேறிவிட்டார். நாங்கள் உள்ளேயே நின்றுவிட்டோம்.

இன்னொன்றையும் பிரித்துப் பார்க்க வேண்டும். நாட்டின் சட்டமும் இதைக் குற்றமென்றுதானே சொல்கிறது என்று சாச்சா அடிக்கடி சொல்வார். சட்டமும் ஷரீஆவும் ஒன்றுசேர்ந்து நிற்பதாக அவருக்கு ஓர் ஆறுதல். உண்மையில் தண்டனைச் சட்டக்கோவையின் 365, 365அ என்ற பிரிவுகள் வெள்ளைக்காரன் தந்தவை. ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரவில் 1867 இல் தேயிலை பயிரிட்டு, அதற்குப் பதினாறு ஆண்டுகள் கழித்து, 1883 இல், இந்தச் சட்டக்கோவை வந்தது. பிரித்தானியர் இந்தியாவில் எழுதியதன் சாயல் அது. அதே நூற்றாண்டில், 1858 இல், கிலாபத்தைத் தாங்கிய உஸ்மானிய அரசு இயற்றிய தண்டனைச் சட்டத்தில் வயதுவந்த இருவர் மனமொத்து நடப்பதைத் தண்டிக்கும் பிரிவு இருக்கவில்லை. இங்கே 1995 இல் செய்யப்பட்ட திருத்தம் 365அ பிரிவைத் தளர்த்தவில்லை. ஆண் என்றிருந்ததை ஆள் என்று மாற்றிப் பெண்களையும் அதற்குள் கொண்டுவந்தது.

2023 மே மாதத்தில், இந்தப் பிரிவுகளைத் திருத்துவதற்குப் பாராளுமன்ற உறுப்பினர் பிரேம்நாத் சி. தொலவத்த கொண்டுவந்த தனிநபர் சட்டமூலம் அரசியலமைப்புக்கு முரணானதல்ல என்று உயர் நீதிமன்றம் தீர்மானித்தது. 2024 இல் அந்தப் பாராளுமன்றம் கலைந்தபோது சட்டமூலம் சட்டமாகியிருக்கவில்லை. இந்தியாவில் 2018 செப்டெம்பர் 6 அன்று உச்ச நீதிமன்றம் 377 ஆம் பிரிவின் பிடியிலிருந்து மனமொத்த வயதுவந்தோரை விடுவித்தது. சட்டம் மாறினால் உள்ளங்கள் மாறிவிடும் என்று நான் சொல்லவில்லை. ஹட்டனில் எங்கள் வீட்டில் நடந்தது எதற்கும் பொலிஸ் தேவைப்படவில்லை. ஆனால் காலனித்துவச் சட்டமொன்றை மார்க்கத்தின் சாட்சியாக நிறுத்துவதையாவது நாம் விட்டுவிடலாம்.

சிகிச்சை என்ற விடயத்துக்கு வருவோம். தன்பாலீர்ப்பு ஒரு நோய் என்ற வகைப்பாட்டை உலக சுகாதார நிறுவனம் 1990 இலேயே நீக்கிவிட்டது. எங்கள் வீட்டுக்கு அந்தச் செய்தி வந்து சேரவில்லை. வந்திருந்தாலும் கேட்டிருக்க மாட்டோம். ஓதல் பலிக்காதபோது கடைசி மருந்தாகக் கல்யாணத்தை எடுத்தோம். கம்பளைப் பக்கம் ஒரு பெண் பார்த்தார்கள். ஏழைப் பிள்ளை, வாப்பா இல்லை. மாப்பிள்ளை ஹாபிழ் என்று கேள்விப்பட்டு அவளுடைய உம்மா மகிழ்ந்து போனாராம். எங்களுக்குத் தெரிந்ததை அவர்களுக்குச் சொல்ல வேண்டும் என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. 1951 ஆம் ஆண்டின் முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டம் மணமகளின் கையொப்பத்தைக்கூடக் கேட்கும்படி எழுதப்பட்டதல்ல. அவளுடைய வலி ஒப்பமிட்டால் போதும். தம்பி விடியற்காலை பஸ்ஸேறியதை ஊர் துரோகம் என்றது. அந்தப் பெண்ணுக்கு அவன் செய்த பெரிய நன்மை அதுதான் என்று இப்போது நினைக்கிறேன். ஒரு குமரின் ஆயுளை இன்னொருவனுக்கு மருந்தாக அரைத்துக் கொடுக்கலாம் என்று எந்த மார்க்கம் சொன்னது?

2019 ஏப்ரல் 21 குண்டுவெடிப்புகளும் அடுத்த மாதம் குருநாகல், மினுவாங்கொடைப் பகுதிகளில் முஸ்லிம் கடைகளும் பள்ளிவாசல்களும் தாக்கப்பட்டதும் யாருக்கும் மறந்திருக்காது. அந்த மே மாதத்தில் ஒரு இரவு என் தொலைபேசி ஒலித்தது. வெளிநாட்டு இலக்கம்.

“நானா, கடைக்கு ஒண்டுமில்லயா? உம்மா சுகமா?”

குரலை உடனே அறிந்துகொண்டேன். ஓதிய குரலல்லவா. எனக்குப் பேச்சு வரவில்லை. அந்த நாட்களில் நாங்கள் பஸ்ஸில் ஏறினால் பைகளைப் பார்த்தார்கள். வீட்டில் கிடந்த அரபுப் புத்தகங்களை என்ன செய்வது என்று தெரியாமல் தவித்தோம். செய்யாத ஒன்றுக்காக எங்கள் முகத்தையும் உடையையும் சந்தேகத்தோடு உற்றுப் பார்த்தார்கள். ஒருவன் தன் வீட்டுக்குள்ளேயே அந்தப் பார்வையின் கீழ் வளர்ந்திருந்தான். அவன்தான் முதலில் விசாரித்தான்.

அதற்குப் பிறகு மாதத்துக்கு ஒருமுறை பேசிக்கொண்டோம். அவன் மார்க்கத்தை விட்டுவிட்டதை அவனாகவே சொன்னான். நான் கேட்காத ஒரு விளக்கத்தையும் சேர்த்துச் சொன்னான்.

“அடிபட்டதாலதான் ஈமான் போச்செண்டு நினைக்காதீங்க நானா. அது நான் இருந்து யோசிச்சுப் போனது. அடி வேற கணக்கு.”

இந்தச் சொல்லை நான் பல நாள் மனதில் போட்டுப் புரட்டினேன். நம்மிடையே இரண்டு வகையான பேச்சு உண்டு. இப்படிப்பட்டவர்கள் ஆசைக்காக மார்க்கத்தை விட்டார்கள் என்பது ஒன்று. நாம் அன்பு காட்டியிருந்தால் விட்டிருக்கமாட்டார்கள் என்பது மற்றது. இரண்டாவது கேட்க இரக்கமாக இருந்தாலும் அதிலும் ஒரு கணக்கு ஒளிந்திருக்கிறது. அன்பு என்பது ஆளைத் திருப்பிக் கொண்டுவரும் தூண்டில் என்று ஆகிவிடுகிறது. மீன் சிக்காவிட்டால் அன்பையும் சுருட்டிக்கொள்வோம். தம்பி இரண்டையும் மறுத்தான். நம்பிக்கை அவனுக்கும் அவன் அறிவுக்கும் இடையிலான காரியம். நாங்கள் அடித்த அடிக்கு நாங்கள் பதில் சொல்ல வேண்டும். அவன் திரும்பி வந்தாலும் வராவிட்டாலும்.

காயம் எப்படி ஆறியது என்று ஒருமுறை கேட்டேன். ஆறியது என்று சொல்ல அவன் தயங்கினான். முதல் பத்து வருடங்கள் சுபஹ் நேரத்துக்குத் தானாக விழிப்பு வந்து நெஞ்சு படபடக்குமாம். ஒருமுறை ஸ்காபரோவில் பஸ்ஸில் போகும்போது யாரோ ஒருவருடைய கைபேசியில் கிராஅத் ஒலிக்க, இறங்க வேண்டிய இடத்துக்கு நாலு தரிப்புகளுக்கு முன்னரே இறங்கிப் பனியில் நடந்திருக்கிறான். உளவளத்துணையாளர் ஒருவரிடம் இரண்டு வருடம் போனான். தன்னைப் போன்ற வேறு சிலரை, முஸ்லிம் வீடுகளிலும் கிறிஸ்தவ வீடுகளிலும் வளர்ந்தவர்களை, அறிந்துகொண்டான். தான் தனி ஆளல்ல என்று தெரிந்ததே பாதி மருந்து என்றான்.

மீதிப் பாதி வேறு விதமாக வந்தது. ஒரு நாள் பாத்திரம் கழுவும்போது வாய் தானாக யூஸுஃப் சூராவை ஓதிக்கொண்டிருந்ததை உணர்ந்தான். தஜ்வீத் பிசகாமல். முதலில் கோபம் வந்து வாயை மூடிக்கொண்டான். பிறகொரு நாள் மூடாமல் விட்டுவிட்டான்.

“வெறுத்தாத்தான் வெளிய வந்ததா அர்த்தமெண்டு நினைச்சிருந்தன். வெறுக்காமலும் இருக்கலாமெண்டு தெரிஞ்ச பொறகுதான் தூக்கம் வந்திச்சு.”

அவன் இப்போதும் தொழுவதில்லை. சுபஹ் நேரத்தில் எழுந்து தேநீர் ஊற்றிக் குடிப்பானாம். ஹட்டனிலிருந்து நான் அனுப்பும் தேயிலை.

வெளியேறியவர்கள் எல்லாவற்றையும் உதறிவிட்டு மகிழ்ச்சியாகத் திரிகிறார்கள் என்று நாம் நினைக்கிறோம். அவன் இழந்தவற்றைக் கேட்டால் அப்படித் தெரியவில்லை. நோன்பு மாதத்து இரவுகள், கஞ்சி மணம், தன் வயதுப் பையன்களோடு ஓதிய நாட்கள், உம்மாவின் குரல், தன் ஊர்ப் பேச்சு. ஒருவர் மௌத்தானால் ஊர் கூடி ஜனாஸாத் தொழுகிறது. அழுவதற்கு இடம் கிடைக்கிறது. இந்த இழப்புக்கு ஜனாஸா இல்லை. இங்கே உம்மாவுக்கும் இல்லை. சாச்சி இருபது வருடமாக உயிரோடிருக்கும் பிள்ளைக்காக அழுகையை அடக்கிக்கொண்டிருந்தார். யஃகூப் (அலை) அவர்களுக்கு அழுது கண் வெளுக்கும் அளவுக்காவது அனுமதி இருந்தது.

அழக்கூட விடாதபடி நாங்கள் ஒரு பொய்யைக் கட்டி வைத்திருந்தோம். யார் விசாரித்தாலும் அவன் வெளிநாட்டில் பெரிய வேலையில் இருக்கிறான், லீவு கிடைக்கவில்லை என்போம். பிறர் குறையை மறைப்பவரின் குறையை அல்லாஹ் மறைப்பான் என்ற ஹதீஸின் பொருளை இதற்கு ஆதாரமாகச் சொல்லிக்கொண்டோம். தம்பி அதைக் கேட்டுவிட்டு ஒன்றே ஒன்று கேட்டான். யாருடைய மானத்தை மறைக்கிறீர்கள்? அவனைப் பாதுகாக்க மறைத்திருந்தால் 1996 இல் அந்தக் கடிதத்தை மடித்து இருந்த இடத்திலேயே வைத்திருக்க வேண்டும். அப்போது மறைக்கவில்லை. அவனை வெளியே தள்ளிய பிறகு எங்களை மறைத்துக்கொண்டோம். மார்க்கம் சொன்ன திரை அடுத்தவருடைய உடலைப் போர்த்துவது. நாங்கள் அந்தத் துணியை இழுத்து எங்கள் முகத்தை மூடிக்கொண்டோம்.

வெளியேறியவரோடு உறவு வைக்கலாமா என்ற கேள்வி மிஞ்சுகிறது. இங்கே நூஹ் (அலை) அவர்களின் மகனை எடுத்துக்காட்டுவார்கள். அவன் உமது குடும்பத்தைச் சேர்ந்தவனல்லன் என்ற பொருளில் அல்லாஹ் சொல்லவில்லையா என்பார்கள். உண்மைதான். ஆனால் அந்தச் சொல் எப்போது வந்தது, யாரிடமிருந்து வந்தது என்று பார்க்க வேண்டும். அலை இருவருக்கும் இடையே வந்து மகன் மூழ்கிய பிறகு அது வந்தது; அல்லாஹ்விடமிருந்து வந்தது. அதுவரை அந்த வாப்பா கப்பலில் நின்று, மகனே எங்களோடு ஏறிக்கொள் என்றே அழைத்துக்கொண்டிருந்தார். அல்லாஹ் சொல்ல வேண்டியதை நாம் முந்திக்கொண்டு சொல்கிறோம். நமக்கு வஹீ வரவில்லை. நம் பிள்ளைகள் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள்.

அபூபக்ர் (ரழி) அவர்களின் மகள் அஸ்மா (ரழி) அவர்களிடம், இஸ்லாத்தை ஏற்காத தாயார் பார்க்க வருகிறார். சேர்த்துக்கொள்ளலாமா என்று அஸ்மா கேட்டபோது, தாயோடு உறவைப் பேணுமாறு நபி (ஸல்) அவர்கள் சொன்னார்கள். இப்ராஹீம் (அலை) தம்மை விரட்டிய தந்தையிடம் ஸலாம் சொல்லித்தான் பிரிந்தார். நம் மலைக்கு வருவோம். மஸ்கெலியாவுக்கு மேலே நிற்கும் சிவனொளிபாத மலையை நம் முன்னோர் பாவாதமலை என்றார்கள். 1344 இல் இப்னு பதூதா அதில் ஏறினார். பாவா ஆதம் (அலை) மெய்யாகவே அங்கே இறங்கினாரா என்பது வேறு விடயம். சுவர்க்கத்திலிருந்து அனுப்பப்பட்ட ஒருவரின் காலடி நம் தலைக்கு மேலே இருப்பதாக நாம் நம்பி வந்தோம். அவரை அனுப்பியவன்கூட அவரோடு பேச்சை நிறுத்திக்கொள்ளவில்லை. மன்னிப்புக் கேட்கும் வார்த்தைகளையும் அவனே கற்றுக்கொடுத்தான். நாம்தான் பெற்ற பிள்ளையோடு இருபது வருடம் பேசாமல் இருக்கக் கூடியவர்களாயிருக்கிறோம்.

மார்க்கத்தின் எல்லையைக் காப்பதாக நினைத்து மனிதன் எங்கே போய்ச் சேர்வான் என்பதற்கு நம் பக்கத்திலேயே சாட்சி உண்டு. 2017 மார்ச்சில் கோயம்புத்தூரில், இஸ்லாத்தை விட்டு நாத்திகரான ஃபாரூக் என்பவர் வெட்டிக் கொல்லப்பட்டார். நிராகரிப்பு மட்டுமே உயிரைப் பறிக்கக் காரணமாகாது என்று அல்-அஸ்ஹரின் தலைவராயிருந்த ஷெய்க் மஹ்மூத் ஷல்தூத் எழுதி அரை நூற்றாண்டுக்கு மேலாகியிருந்தது. வெளியேறாமல் உள்ளே நின்றவருக்கும் பாதுகாப்பில்லை. தென்னாபிரிக்காவின் முஹ்சின் ஹென்றிக்ஸ் 1996 இல், தம்பி பஸ்ஸேறிய அதே ஆண்டில், தான் தன்பாலீர்ப்புள்ளவர் என்று வெளிப்படையாகச் சொன்ன இமாம். கராச்சியில் ஓதியவர். தொழுகையையும் குர்ஆனையும் விடாமலே தன்னைப் போன்றவர்களுக்கு ஆதரவாக இருந்தார். 2025 பெப்ரவரி 15 அன்று கெபேஹா நகருக்கு அருகே சுட்டுக் கொல்லப்பட்டார்.

அப்போது கேப்டவுனின் முஸ்லிம் நீதிச் சபை விடுத்த அறிக்கை என் கவனத்தில் நின்றது. அவருடைய நிலைப்பாடு இஸ்லாத்துக்கு ஒவ்வாதது என்றே அவர்கள் சொன்னார்கள். அதே அறிக்கையில் கொலையைத் தயக்கமின்றிக் கண்டித்தார்கள். மார்க்கத் தீர்ப்பை மாற்றாமலே ஒரு மனிதனின் உயிரையும் மானத்தையும் பேண முடியும் என்பதற்கு அதுவே போதிய சான்று. ஆனால் கொலையைக் கண்டிப்பது மிகக் குறைந்த கடமை. அதற்கு மேலே, துருவாதிருத்தல், கோள் சொல்லாதிருத்தல், அடிக்காதிருத்தல், இன்னொரு பெண்ணைப் பலி கொடுக்காதிருத்தல், உறவைத் துண்டிக்காதிருத்தல், பொய் சொல்லாதிருத்தல் என்று ஒரு வரிசை இருக்கிறது. இவை எதற்கும் புதிய தஃப்ஸீர் தேவையில்லை. மத்ரஸாவின் முதல் வகுப்பில் சொல்லிக்கொடுத்தவைதான்.

சாச்சா 2022 ஒக்டோபரில் மௌத்தானார். தம்பிக்கு அறிவிக்க நான் அன்று இரவு வரை தாமதித்தேன். அடக்கம் முடிந்துவிட்டிருந்தது. ஊர் என்ன பேசுமோ என்ற பழைய பயம்தான் காரணம். அவன் கோபப்படவில்லை. டிசெம்பரில் வந்தான். மையவாடிக்கு நானும் கூடப் போனேன். நான் ஓதினேன். அவன் கைகளைக் கட்டிக்கொண்டு நின்றான். ஓதச் சொல்லி நான் கேட்கவில்லை. எனக்கு அது இலகுவாக இருக்கவில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். அவனுக்காக நான் இன்றும் துஆக் கேட்கிறேன். அவனுக்கும் தெரியும். “கேளுங்க நானா, எனக்கு முன்னால மட்டும் கேக்காதீங்க” என்பான். அந்த உடன்படிக்கையில் இருவரும் நிற்கிறோம்.

அந்தத் தோட்டத்துக் குடும்பத்தையும் விசாரித்துப் போனோம். லயத்தில் வேறு ஆட்கள் இருந்தார்கள். அந்தப் பாக்கியை எவரிடம் தீர்ப்பது என்று எனக்குத் தெரியவில்லை.

அவன் திரும்பிப் போவதற்கு முந்திய நாள் கடையில் உட்கார்ந்திருந்தபோது, பள்ளிவாசலிலிருந்து வந்த பெரியவர் ஒருவர் அவனை அடையாளம் கண்டுகொண்டார். பழைய தராவீஹ் நாட்களைச் சொல்லிக் கண் கலங்கினார். பிறகு என் பக்கம் திரும்பி, “இவ்வளவு காலமும் புள்ள ஏன் ஊருக்கு வரல்ல?” என்று கேட்டார். லீவு என்ற சொல் என் நாக்கு நுனி வரை வந்துவிட்டது. தம்பி கீழே பார்த்துக்கொண்டிருந்தான். அவனைப் பற்றிச் சொல்வதற்கு எனக்கு உரிமை இல்லை. எங்களைப் பற்றிச் சொல்லலாம்.

“நாங்கதான் கூப்பிடல்ல ஹாஜியார்” என்றேன்.